லாம்பிரெட்டா யார் வண்டி?

கேள்வி: எங்கள் வீட்டில் தாத்தாவின் லாம்பிரெட்டா ஸ்கூட்டர் கிடக்கிறது. அது இத்தாலிய வண்டியா, இந்திய வண்டியா? சேப்பாக்கம் மைதானத்துக்கும் அதற்கும் சம்பந்தம் உண்டாமே?
- வாசகர், மயிலாப்பூர்

பதில்: பிறப்பால் இத்தாலியம், வளர்ப்பால் இந்தியம். எஃகுக் குழாய்த் தொழிலில் பெயர் பெற்ற பெர்டினாண்டோ இன்னொசென்டி, யுத்தத்தில் குண்டுவீச்சுக்கு இரையான தம் மிலான் தொழிற்சாலையைப் புனருத்தாரணம் செய்து, சாமானிய ஜனங்களுக்கு மலிவான வாகனம் வேண்டுமென்ற உத்தேசத்துடன் 1947-ல் வெளியிட்டதே லாம்பிரெட்டா. போட்டி வண்டியான வெஸ்பா, தகட்டையே உடலாகக் கொண்டு எஞ்ஜினைப் பின்சக்கரத்தின் வலப்புறத்தில் சுமக்க, இதுவோ பூர்வீகத் தொழிலுக்கேற்பக் குழாய்ச் சட்டத்தின்மீது எஞ்ஜினை நடுவில் தாங்கிற்று. இடக்கையால் கிளட்சைப் பிடித்தபடியே கைப்பிடியைத் திருகிக் கியர் மாற்றுவதும், பெட்ரோலோடு ஆயிலைக் கலந்து ஊற்றுவதும் இரண்டுக்கும் பொது.

பம்பாயில் இதைத் தயாரித்த ஆட்டோமொபைல் ப்ராடக்ட்ஸ் ஆஃப் இந்தியா என்ற ஸ்தாபனம், பிற்பாடு சென்னைத் தொழிலதிபர் எம். ஏ. சிதம்பரத்தின் வசமாயிற்று. சேப்பாக்கம் கிரிக்கெட் மைதானத்துக்குச் சூட்டியிருப்பது அவர் பெயரையே. அந்த ஸ்தாபனத்தின் எம்.ஏ.சி. 175 வண்டியிலும் அதே மூன்று எழுத்துகள்தாம். மிலானில் உற்பத்தி ஓய்ந்ததும் யந்திரங்களை இந்திய அரசாங்கம் விலைக்கு வாங்கி, 1972-ல் தோற்றுவித்த ஸ்கூட்டர்ஸ் இந்தியாவின் மூலம் லக்னோவில் நிறுவியது; விஜய் சூப்பர் அங்கே உருவானதே. 1997-ல் அங்கும் ஸ்கூட்டர் உற்பத்தி முடிவுற்றது.

ஆகையால், வண்டியை எடைக்குப் போட்டுவிடாதீர்கள். குழாய்ச் சட்டம் துருப்பிடிக்காதிருந்தால், புதுப்பேட்டையில் உதிரிபாகங்களை விசாரித்துப் பாருங்கள்.