ரிட் மனுவை வாபஸ் பெறுமுன்

நெசவாளர் சங்கமொன்றில் நூலிருப்புக் குறைவு காணப்பட்டு, முன்னாள் நிர்வாகக் குழுவினர் அத்தொகையை ஈடு செய்ய வேண்டுமென்று தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 1983-இன் 87-ஆம் பிரிவின்கீழ்த் தண்டத்தீர்வை உத்தரவு பிறக்கிறது என்று கொள்வோம். உத்தரவு கைக்கு வந்ததும் உயர் நீதிமன்றத்துக்கு விரைந்து ரிட் மனு தாக்கல் செய்வோர் பலர். அதே சட்டத்தின் 152-ஆம் பிரிவு கூட்டுறவுத் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்ய வழி வகுத்திருப்பதை அவர்கள் கேட்டறிவதில்லை.

விசாரணையில் அந்தக் கேள்விதான் முதலில் எழும். நோட்டீஸ் கொடாமலே, அல்லது அதிகாரமற்றவர் பிறப்பித்த உத்தரவு என்றால் உயர் நீதிமன்றம் தலையிடக்கூடும். இருப்பேட்டையும் பட்டியல்களையும் வரி வரியாகப் பார்த்து, எவர் பொறுப்பு எவ்வளவு என்று நிர்ணயிக்க ரிட் விசாரணை ஏற்றதன்று. ஆகவே மனுவை வாபஸ் பெற்று மேல்முறையீடு செய்வதே தக்கது என்று வக்கீல் கூறுவார். அந்த யோசனை சரியே. ஆனால் வாபஸ் பெறும் முறையில்தான் நம்மவர் பலர் இடறுகின்றனர்.

சிவில் வழக்கில் இவ்விஷயம் கண்டிப்பானது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 23-ஆம் கட்டளை, 1-ஆம் விதிப்படி, மீண்டும் வழக்கிட அனுமதி பெறாமல் வாபஸ் பெற்றவர் அதே விஷயத்துக்காக மறுபடி வழக்கிட முடியாது. ரிட் மனுவுக்கும் இதே கொள்கை பொருந்துமென்று சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் 1986-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் கூறிற்று: அனுமதியின்றி வாபஸ் பெற்றால் அதே காரணத்துக்கு இரண்டாவது ரிட் மனு உயர் நீதிமன்றத்தில் நில்லாது; வேறு பரிகாரங்கள் அதனால் அடைபடுவதில்லை.

எனவே வாபஸ் பெற்றதனால் மட்டும் மேல்முறையீட்டு உரிமை போய்விடாது. எனினும் "மேல்முறையீடு செய்யும் உரிமையுடன் வாபஸ் பெற அனுமதிக்கப்படுகிறது" என்ற வாசகம் உத்தரவில் இடம்பெறும்படி வேண்டிக்கொள்வது நலம். எதிர்த்தரப்பார் பின்னர் வாதாட இடமிராது. வாபஸ் பெறாமல் பிடிவாதமாக வாதாடி, வழக்கின் தகுதியைப் பற்றியே பாதகமான தீர்ப்பு வந்துவிட்டால் நிலைமை வேறு; தீர்ப்பாயம் அதை மீறிச் செல்லாது.

கெடுவை மறத்தலாகாது. மனு நிலுவையிலிருந்த காலம் தானே கழிந்துவிடும் என்று எண்ணுவது தவறு. 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு, தவறான மன்றத்தில் நல்லெண்ணத்துடன் செலவிட்ட காலத்தைக் கழிக்க இடமளிக்கிறது. ஆனால் அது வழக்குகளையும் மனுக்களையும் பற்றியது, மேல்முறையீட்டைச் சொல்லவில்லை. மேல்முறையீட்டில் அதனைத் தாமதத்துக்குரிய நியாயமான காரணமாக எடுத்துக்காட்டலாம். ரிட் மனு தாக்கலான தேதி, வாபஸ் தேதி, உத்தரவு நகல் கேட்ட தேதி, பெற்ற தேதி ஆகிய நான்கையும் பிரமாணப் பத்திரத்தில் எழுதுக.

இடைக்காலத் தடையைப் பலரும் மறந்துவிடுகின்றனர். ரிட் மனுவில் பெற்ற தடை, மனு வாபஸான அன்றே தீர்ந்துபோகும். மறுநாளே வசூல் நடவடிக்கை தொடங்கலாம். வீட்டின்மீது ஜப்தி நோட்டீஸ் ஒட்டப்பட்டால் அதைச் சட்டவிரோதம் என்று சொல்ல இயலாது. ஆகையால் மேல்முறையீட்டு மனுவையும் தடை கோரும் மனுவையும் முன்கூட்டியே எழுதிவைத்த பின்னரே வாபஸ் பெற வேண்டும். சில வாரங்களுக்குத் தடையை நீட்டுமாறு நீதிபதியை வேண்டலாம். அது அவரது விருப்பத்தைப் பொறுத்தது; உரிமையாகக் கேட்கத் தக்கதன்று. ரிட் மனுவுடன் இணைத்த அசல் ரசீதுகளைத் திரும்பப் பெறவும் அன்றே மனுச் செய்துவிடுக. தீர்ப்பாயத்தில் அவையே வேண்டியிருக்கும்.