இல்லாத கோயிலைக் காட்டுவது

திருகோணமலை

அன்புள்ள பிள்ளைக்கு,

வழிகாட்டி உரிமம் கைக்கு வந்துவிட்டது என்று எழுதியிருந்தீர். வருகிற கிழமை முதன்முதலாக ஒரு குடும்பத்தைத் தனியே கூட்டிக்கொண்டு, விடியலிலிருந்து பொழுதுபடும் வரை நம் பகுதியின் பழைய கோயில்களையும் இடிபாடுகளையும் காட்டப் போகிறீர் என்று அறிந்து மகிழ்ந்தேன். கடிதத்தின் கடைசியில் ஒன்று கேட்டிருந்தீர்: "கோணேசர் மலையில் பழைய கோயில் எங்கே என்று அவர்கள் கேட்டால் நான் எதைக் காட்டுவது?" நேரில் கண்டால் சுருக்கமாகச் சொல்லியிருப்பேன். உம்மைப் போல் இன்னும் பலர் இந்தத் தொழிலுக்கு வருகிறார்கள். அவர்களுக்கும் உதவட்டும் என்று எழுதியே வைக்கிறேன்.

பொலன்னறுவையில் வழிகாட்டியின் பாதி வேலையைக் கல்லே செய்துவிடும். அங்கே சிவ தேவாலயம் நிற்கிறது. கையை நீட்டினால் போதும். நமக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. ஏழாம் நூற்றாண்டில் சம்பந்தர் பதிகம் பாடிய கோயிலைப் போர்த்துக்கேயத் தளபதி கொன்ஸ்தாந்தினோ டி சா இடித்துத் தள்ளினான். 1622ஆம் ஆண்டு சித்திரைப் புத்தாண்டு நாளில் அது நடந்தது என்பது ஊர் வழக்கு. 1624 என்று எழுதிய நூல்களும் உண்டு. இரண்டையும் சொல்லும். இடித்த கல்லில் ஒரு பங்கு கோட்டையாயிற்று, ஒரு பங்கு கடலுக்குள் போயிற்று. இன்று மலையுச்சியில் நாம் கும்பிடுவது 1963இல் குடமுழுக்குக் கண்ட கோயில். ஆகவே பழைய கோயிலைக் காட்டுவதென்றால், கோட்டைச் சுவரையும் கடலையும் காட்டித்தான் ஆக வேண்டும். பார்க்க எதுவும் இல்லாத இடத்தில் வாய் தானாக எதையாவது சொல்லி நிரப்பப் பார்க்கும். உடைந்ததைப் பொய்யால் ஒட்டாதேயும். நான் இந்தக் கடிதத்தில் சொல்ல வருவதெல்லாம் இது ஒன்றுதான்.

காலை ஆறு மணிக்குக் கோட்டை வாசலில் தொடங்கும். உள்ளே இராணுவ முகாம் இருக்கிறது, சோதனைக்கு நிற்க வேண்டி வரலாம் என்று முதல் நாளே சொல்லி வைத்தால் யாரும் பதறமாட்டார்கள். வாசல் நிலைக்கல்லில் இரட்டை மீன் செதுக்கியிருக்கிறது, பக்கத்தில் தமிழ் எழுத்தும் இருக்கிறது. காலை வெளிச்சம் சாய்வாக விழும்போதுதான் எழுத்தின் பள்ளம் தெரியும். குளக்கோட்டன் என்ற மன்னன் செய்த திருப்பணியைப் பின்னொரு காலம் பறங்கி, அதாவது போர்த்துக்கேயன், பிரிப்பான் என்று முன்பே எழுதிவைத்த கல் என்று நம் ஊரில் எல்லோரும் சொல்வார்கள். கல்லில் இருப்பதோ சிதைந்த சில வரிகள்தான். முழுப் பாடல் ஊரின் வாயில் இருக்கிறது. விடுபட்ட எழுத்துகளை அந்தப் பாடலைக் கொண்டே நிரப்பி வாசித்திருக்கிறார்கள். கல்லில் உள்ளதை விரலால் தொடாமல் காட்டும். பிறகு ஊரின் பாடலைச் சொல்லும். எது எங்கே முடிந்து எது எங்கே தொடங்குகிறது என்பதையும் சொல்லும். எழுத்தை உற்றுப் பார்த்துவிட்டு, தலைமுறை தலைமுறையாக ஓர் ஊர் அந்த இடைவெளிகளை மனத்தில் நிரப்பி வைத்திருக்கிறது என்று அறியும்போது அவர்கள் முகம் மாறுவதைப் பார்ப்பீர்.

மலை ஏறும்போது மூன்று இடத்தில் நில்லும். 17ஆம் நூற்றாண்டில் இலங்கை வரலாற்றை எழுதிய குவேறோஸ் பாதிரியார் இந்த மலையில் மூன்று கோயில்கள் இருந்தன என்கிறார். ஏற்றத்தின் தொடக்கத்தில் ஒன்று, நடுவழியில் ஒன்று, உச்சியில் பெரியது. இடித்தவர்களின் பக்கத்திலிருந்து வந்த சாட்சியம் அது. அதனால்தான் எனக்கு அது பெறுமதியானது. "இந்த உயரத்தில் ஒரு கோயில் இருந்ததாக எழுதியிருக்கிறார்கள்" என்று மட்டும் சொல்லிவிட்டு ஒரு நிமிடம் பேசாமல் நில்லும். மான்கள் குறுக்கே போகும், கீழே அலை கேட்கும். மூன்றாம் முறை நிற்கும்போது அந்தக் குடும்பத்தின் சின்னப்பிள்ளைக்கும் மலையின் அளவு பிடிபட்டிருக்கும்.

உச்சியில் முதலில் பூசை. செருப்பைக் கழற்றிவிட்டு வழிபட விடும், விளக்கத்தைப் பிறகு வைத்துக்கொள்ளும். கனடாவிலிருந்தும் லண்டனிலிருந்தும் வருகிற நம்மவர்களில் சிலர் நாற்பது வருடத்துக்குப் பிறகு அந்தச் சந்நிதியில் நிற்கிறார்கள். கண்ணீர் வரும். அந்த நேரத்தில் ஆண்டும் அரசனும் சொல்கிறவர் நல்ல வழிகாட்டி அல்ல. ஐம்பது பேர் வருகிற பஸ்ஸில் இது முடியாது. ஒருவர் அழுதால் மற்றவர்கள் காத்திருக்கமாட்டார்கள். ஒரே குடும்பத்தோடு போகும்போது நேரம் அவர்களுடையது. அவர்கள் உம்மிடம் காசு கொடுத்து வாங்குவதில் பெரும்பங்கு அந்தப் பொறுமைதான்.

வெளியே வந்ததும் இராவணன் வெட்டு. இராவணன் வாளால் பிளந்த பாறை என்று ஊர் சொல்கிறது. அதை முழு மனத்தோடு சொல்லும்; ஐதீகம் பொய் அல்ல, ஊரின் நினைவு. அதைச் சரித்திரமாக்கிச் சொல்கிற இடத்தில்தான் பொய் தொடங்குகிறது. மூன்று சொல்லை எப்போதும் கையில் வைத்திரும்: "கல் சொல்கிறது", "ஊர் சொல்கிறது", "நான் நினைக்கிறேன்". ஒவ்வொரு செய்திக்கும் முன்னால் இவற்றில் ஒன்றைப் போட்டுப் பழகும். முதல் மாதம் நாக்கு இடறும், பிறகு அதுவே உம்முடைய மதிப்பாகிவிடும்.

இதை நான் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை, வெட்கப்பட்டுத் தெரிந்துகொண்டேன். அந்தப் பாறையில் ஒரு தூண் நிற்கிறது. பிரான்சினா வான் ரீட் என்ற ஒல்லாந்துப் பெண்ணின் பெயரும் 1687 என்ற ஆண்டும் அதோடு சேர்ந்தவை. காதலன் கப்பலேறிப் போனதைக் கண்டு அவள் இங்கிருந்து குதித்தாள் என்பது கதை. பல வருடம் நான் அதைக் குரல் தழுதழுக்கச் சொன்னேன். கேட்டவர்கள் கண்கலங்கினார்கள், சந்தோஷக் காசும் கூடுதலாகத் தந்தார்கள். ஒருநாள் ஒல்லாந்திலிருந்து வந்த முதியவர் ஒருவர், மற்றவர்கள் நகர்ந்த பின்னர் என் அருகில் வந்து, அவள் சாகவில்லை, பிறகு மணம் முடித்து வாழ்ந்ததாகத் தங்கள் நாட்டு ஆவணங்களில் இருக்கிறது என்று மெதுவாகச் சொன்னார். அவர் என்னைக் குறை சொல்லவில்லை. அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. பிழையான கதை சொன்னது ஒரு பக்கம். அதைவிட என்னை வருத்தியது வேறு. அந்தத் தூண் பழைய கோணேசர் கோயிலின் தூண் என்கிறார்கள் அறிந்தவர்கள். இடிபட்ட கோயிலில் மலைமேல் எஞ்சி நிற்கிற சாட்சியின் முன்னால் நின்றுகொண்டு, நடக்காத ஒரு சாவுக்காக ஆட்களை அழவைத்திருக்கிறேன். பொய் தான் மட்டும் வருவதில்லை, பக்கத்தில் இருக்கிற உண்மையையும் மறைத்துவிடுகிறது.

கடலைக் காட்டும்போதும் இதே கவனம் வேண்டும். 1956இல் மைக் வில்சனும் எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க்கும் இந்த மலையடியில் சுழியோடி, செதுக்கிய கற்களையும் தூண்களையும் கடலடியில் கண்டார்கள். அடுத்த வருடமே கிளார்க் அதைப் புத்தகமாக எழுதினார். இவ்வளவு போதும். கடலுக்குள் முழுக் கோயிலும் அப்படியே நிற்கிறது என்று சொல்லத் தேவையில்லை. உருண்டு விழுந்த கல் என்பதே கேட்பவர் நெஞ்சில் விழும்.

எட்டரைக்குள் மலையிறங்கும். கன்னியாவில் ஏழு வெந்நீர்க் கிணறுகள், ஒவ்வொன்றின் சூடும் ஒவ்வொரு விதம். இராவணன் தாய்க்குக் கிரியை செய்த இடம் என்று ஊர் சொல்கிறது. இன்றும் நம்மவர்கள் இறந்தவர்களுக்கான கடன் கழிக்க அங்கே வருகிறார்கள். உரிமை பற்றிய வழக்கும் வாக்குவாதமும் நடந்த இடம். கேட்டால் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லும், மறைக்க வேண்டாம். தலையில் நீர் ஊற்றிக்கொண்டு நிற்பவரைப் படம் எடுக்க மட்டும் விடவேண்டாம்.

அங்கிருந்து பெரியகுளம் பக்கம், வெல்கம் விகாரை. நம் பெரியவர்கள் அதை நாதனார் கோயில் என்பார்கள். அதுவே சோழர் காலத்தில் இராஜராஜப் பெரும்பள்ளி. பௌத்த விகாரை, ஆனால் அங்கே கிடைத்த கல்வெட்டுகள் பல தமிழில். விளக்கெரிக்கப் பசுக்களும் காசும் கொடுத்தவர்களின் பதிவுகள் அவை. நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரைக்கு இராஜராஜன் ஆனைமங்கலத்தைக் கொடுத்த அதே காலம். தமிழ் பேசிப் புத்தரை வணங்கியவர்கள் இங்கே இருந்தார்கள் என்பதைக் கல்லே சொல்லும் இடம் அது.

இங்கேதான் உமக்குப் பெரிய சோதனை வரும். தமிழர் வந்தால் ஒரு கதை, சிங்களவர் வந்தால் வேறு கதை, வெள்ளைக்காரர் வந்தால் மூன்றாவது கதை என்று சொல்லுகிறவர்களை நான் கண்டிருக்கிறேன். நீர் ஒரு வாக்கியம் சொல்லும்போது, மற்றத் தரப்பார் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருப்பதாக நினைத்துக்கொள்ளும். அப்போதும் அதே வாக்கியத்தை அதே குரலில் சொல்ல முடியுமா? முடிந்தால் சொல்லும். முடியாவிட்டால் அதில் ஏதோ கூட்டியிருக்கிறீர், அல்லது குறைத்திருக்கிறீர். மகாசேன மன்னன் நம் திருகோணமலையான கோகர்ணத்தில் தேவாலயத்தை அழித்து விகாரை கட்டினான் என்று மகாவம்சமே சொல்கிறது. அதை மறைக்கவும் வேண்டாம், ஊதிப் பெருப்பிக்கவும் வேண்டாம். தமிழ்க் கல்வெட்டு விகாரையில் இருக்கிறது என்பதற்கும் அதே விதிதான். இந்த மண்ணில் கல்லுக்காக மனிதர் மோதியிருக்கிறார்கள். வழிகாட்டியின் ஒரு சொல் அதில் எண்ணெயாகவும் விழலாம், தண்ணீராகவும் விழலாம்.

மதியச் சாப்பாட்டை நிலாவெளியில் வைத்துக்கொள்ளும். அங்குள்ள பிள்ளையார் கோயில் கல்வெட்டு, கோணேசர் கோயிலுக்கு நிலம் கொடுத்ததைச் சொல்லி, அதற்கு மச்சகேஸ்வரம் என்ற பெயரையும் தருகிறது. காலையில் கண்ட வெறும் மலைக்கு ஒரு காலத்தில் எவ்வளவு தூரத்துக்கு வயல் இருந்தது என்று அப்போது விளங்கும். இப்படி ஒரு இடத்தை இன்னொரு இடத்தோடு முடிந்துவிட்டால், அவர்கள் ஐந்து இடம் பார்த்ததாக நினைக்கமாட்டார்கள், ஒன்றையே நாள் முழுக்கப் பார்த்ததாக உணர்வார்கள். இதற்குப் படிப்பு வேண்டும். பேராசிரியர் சி. பத்மநாதனின் சாசன நூல்களையும், செ. குணசிங்கம் வெளியிட்ட திருகோணமலைக் கல்வெட்டு ஆய்வுகளையும் தேடி வாசியும். பாலமோட்டைக் கல்வெட்டைத் தவறவிடாதேயும். முதலாம் விஜயபாகு காலத்தில், இறந்த கணவனின் நன்மைக்காகக் கந்தளாய்ச் சிவன் கோயிலுக்குக் கொடை கொடுத்த நங்கைசானி என்ற பெண்ணின் பெயர் அதில் இருக்கிறது. அரசர் பெயர்களுக்கு நடுவே அந்தப் பெயரைச் சொல்லிப் பாரும், கேட்கிற பெண்கள் நிமிர்ந்து உட்காருவார்கள்.

வெயில் தாழ்ந்த பிறகு திரியாய். குச்சவெளி தாண்டி வடக்கே போகிற நீண்ட ஓட்டம், வண்டியில் பேசாமல் அவர்களைத் தூங்க விடும். குன்றின்மேல் சிறிய தூபி, அதைச் சுற்றி வட்டமாகக் கல்தூண்கள். பாறையில் பல்லவ கிரந்த எழுத்தில் சமஸ்கிருதச் சாசனம், அதில் திரபுசகன், வல்லிகன் என்ற வணிகரின் பெயர்கள். கீழே, போரில் பெயர்ந்து போய்த் திரும்பி வந்த தமிழ்க் கிராமம். பழைய கல்லைக் காட்டும் நீர், அந்தக் கிராமத்தைக் கண்ணாடிக்கு வெளியே போகவிட்டால் பாதியைத்தான் காட்டியவர் ஆவீர். தெருவோரக் கடையில் நிறுத்தித் தேத்தண்ணி வாங்கிக் குடிக்கச் சொல்லும். கமிஷன் தருகிற கடைக்கு மட்டும் கூட்டிப் போகாதேயும். காலையிலிருந்து சேர்த்த நம்பிக்கை அங்கே ஐந்து நிமிடத்தில் போய்விடும்.

கடைசியாக ஒன்று. 1950இல் நம் பட்டினத்தில் கிணறு தோண்டியபோது மண்ணுக்குள்ளிருந்து வெண்கலத் திருமேனிகள் வந்தன. சோமாஸ்கந்தர், சந்திரசேகரர், பார்வதி, பிள்ளையார். இடிப்பதற்கு முன் யாரோ அவற்றைக் காப்பாற்றிப் புதைத்திருக்க வேண்டும் என்று நான் நினைக்கிறேன். புதைத்தவர்களின் பெயர் எந்தக் கல்லிலும் இல்லை. அவர்கள் அதை அழகுபடுத்தவில்லை, கதை கட்டவில்லை, தங்கள் பெயரை எழுதவில்லை. கையில் வந்ததைச் சேதமில்லாமல் அடுத்தவருக்கு விட்டுப்போனார்கள். உமது கையில் வெண்கலம் இல்லை, சொல் இருக்கிறது. வேலை அதேதான். "பழைய கோயில் எங்கே" என்று கேட்டால் வாசல் கல்லையும், அந்தத் தூணையும், கடலையும், கிணற்றிலிருந்து வந்த திருமேனிகளையும் ஒன்றன்பின் ஒன்றாகச் சொல்லும். மீதி இடத்தை வெறுமையாகவே விடும். அவர்கள் அதைத் தங்கள் வீட்டுக்குக் கொண்டுபோவார்கள்.

பாறை பத்து மணிக்கே சுடத் தொடங்கும். ஆளுக்கொரு சோடி காலுறையும், வண்டியில் பத்துப் போத்தல் தண்ணீரும் வைத்துக்கொள்ளும். வயதானவர் இருந்தால் திரியாய்ப் படிக்கு ஓர் ஊன்றுகோல். பயணம் முடிந்த அன்றே எழுதும்: அவர்கள் எந்த இடத்தில் அதிக நேரம் பேசாமல் நின்றார்கள் என்று.

அன்புடன்,
உம்முடைய தொழிலில் மூத்த ஒருவன்