பொருந்தல் நெல்லும் பிராமி எழுத்தும்

தமிழர்க்குப் பிராமி எழுத்தை அளித்தவர் அசோக மாமன்னரின் தர்மதூதரே என்பது நம்மவர் பலர் மகிழ்ந்து கூறும் செய்தி. அசோகர் ஆட்சி ஏறக்குறையக் கி.மு. 268 முதல் 232 வரை. ஆகவே தமிழகத்து எழுத்து அதற்கு முற்பட்டதாகாது என்பதே அறிஞர் பலரும் முன்னர்க் கொண்டிருந்த முடிபு. அம்முடிபை அசைத்தது ஈமக்குழியொன்றில் கிடைத்த நெல்லாகும்.

பழனிக்குத் தென்மேற்கே, மலையடிவாரத்தில், பொருந்தல் என்னும் ஊர் உளது. மேற்கே மலைகளுக்கு அப்பால், கற்பதுக்கைகள் நிறைந்த இடுக்கி மாவட்டத்து மறையூர். வடமேற்கே பாலக்காட்டுக் கணவாய். இப்பொருந்தலில் 2009, 2010ஆம் ஆண்டுகளில் புதுவைப் பல்கலைக்கழகப் பேராசிரியர் கா. இராசன் அகழாய்வு நிகழ்த்தினார். ஓர் ஈமக்குழியில் நான்கு கால்களையுடைய சாடியும், அதனுள் சுமார் இரண்டு கிலோ நெல்லும் இருந்தன. அக்குழியிலேயே கிடைத்த, கலம் தாங்கும் பிரிமனையில் ‘வய்ர’ என்னும் தமிழ்ப் பிராமிப் பொறிப்புக் காணப்பட்டது.

நெல் எவ்வாறு காலம் கூறும்? உயிருள்ள பயிர் காற்றிலிருந்து கதிரியக்கக் கரிமத்தை ஏற்கின்றது, அறுத்தபின் ஏற்பதில்லை. ஏற்றது 5,730 ஆண்டுகளில் பாதியாகக் குறையும். பழைய முறையில் அது சிதைவதைக் காத்திருந்து எண்ணவேண்டும். அதற்குப் பொருளும் மிகுதியாக வேண்டும். ‘ஏ.எம்.எஸ்.’ எனப்படும் அணு முடுக்கி முறையோ கரிம அணுக்களையே நேரே எண்ணுவதால், ஒரு நெல்மணியே போதுமானது. நெல்லுக்கு மற்றொரு சிறப்பும் உண்டு. மரக்கரியாயின், மரம் நூறாண்டு முதிர்ந்ததாயிருந்து நம்மை ஏமாற்றலாம். நெல் ஓராண்டுப் பயிரன்றோ!

அமெரிக்க நாட்டு ஆய்வுக்கூடம் இந்நெல்லுக்குக் கூறிய காலம் கி.மு. 490, மற்றொரு குழியின் நெல்லுக்குக் கி.மு. 450. அசோகருக்கு இருநூறு ஆண்டுகள் முந்தியது!

ஆயினும் கல்வெட்டறிஞர் ஐராவதம் மகாதேவன், ஒரே காலக்கணிப்பைக் கொண்டு முடிவு செய்தல் கடினம் என்றார். அவர் தயக்கம் நியாயமானதே. கி.மு. 800 முதல் 400 வரையுள்ள காலத்தில் கரிமக் கணக்குத் தெளிவாகப் பிரிந்து காட்டுவதில்லை. நூறு, இருநூறு ஆண்டுகள் இப்புறமோ அப்புறமோ ஆகலாம். எனினும் இலங்கை அநுராதபுர அகழாய்வைப் பற்றி 1996இல் வெளியான கட்டுரையும், மகிந்த தேரர் வருகைக்கு முற்பட்ட அடுக்குகளில் பிராமி பொறித்த ஓடுகள் கிடைத்ததைக் கூறுகின்றது. வணிகரே எழுத்தை முன்னர்க் கொணர்ந்திருத்தல் கூடும் என்பது அதன் கருத்து.

இதனால் பௌத்தர் வருந்துவதற்கு என்ன உளது? ‘வய்ர’ என்பதே நம் பாலி ‘வஜிர’ என்னும் சொல்லுக்கு உறவானது. வடபுலத்தோடு உறவு அன்றே இருந்தது. தூதர் வந்தபோது எழுத்தறிந்த மக்களையே கண்டிருப்பர். தர்மதூதரே எழுத்தைத் தந்தனர் என்று மேடையில் முழங்குவதை நாம் இனி நிறுத்தலாம். எழுத்தறிந்த மக்களிடம் அவர்கள் எதைச் சொன்னார்கள் என்பதே இனி நாம் ஆராயவேண்டுவது.