ஒரு தெருவும் முப்பத்து நான்கு ஆண்டுகளும்

தொலைக்காட்சித் தொடர் என்றாலே இலக்கியம் பயில்வோரிடம் ஓர் இளக்காரம் உண்டு. அழுகை, சூழ்ச்சி, மறுபடியும் அழுகை என்று கணக்கை முடித்துவிடுகிறோம். அந்தக் கணக்கைத் திருத்தி எழுத வைப்பவர் ஜெர்மானிய எழுத்தாளரும் இயக்குநரும் தயாரிப்பாளருமான ஹான்ஸ் கைசென்டோர்ஃபர்.

1941இல் ஆக்ஸ்பர்க் நகரில் பிறந்த இவர் திரைப்படத்தில் பெயர் பெற்ற பின்னரே தொடருக்கு வந்தார். 1978இல் இவர் இயக்கிய 'கண்ணாடிச் சிறை' ஆஸ்கார் விருதுக்கு முன்மொழியப்பட்டது. தோமஸ் மானின் 'மாய மலை' நாவலை 1982இல் படமாக்கினார். அத்தகையவர் வாரத் தொடரில் இறங்கியது பலருக்கு வியப்பளித்திருக்கும்.

'லிண்டென்ஸ்ட்ராஸெ', அதாவது லிண்டன் மரத் தெரு, 1985 டிசம்பர் 8ஆம் நாள் ஏஆர்டி அலைவரிசையில் தொடங்கியது. பிரிட்டனின் 'கோரனேஷன் ஸ்ட்ரீட்' இதற்கு முன்மாதிரி. கதை நிகழ்வது மியூனிக்கில். படப்பிடிப்போ கொலோன் நகரில். தொடக்கத்தில் விமர்சகர்கள் இதைச் சாடவே செய்தனர். எல்லாப் பகுதிகளையும் அவரே எழுதவில்லை, எழுத்தாளர் குழு ஒன்று இயங்கியது. ஆயினும் தொடரின் போக்கு அவர் வகுத்ததே.

நாம் ஊன்றிக் கவனிக்க வேண்டியது அவர் காலத்தைக் கையாண்ட முறையை. ஞாயிறுதோறும் வந்த பகுதியில் கதை நடப்பது பெரும்பாலும் அதற்கு முந்திய வியாழக்கிழமை. நாட்காட்டியோடு ஒட்டியே கதை நகர்ந்தது. தேர்தல் நாட்களில் ஒரே காட்சியைப் பல முடிவுகளுக்கு ஏற்பப் படமாக்கி வைத்திருந்து, மாலையில் கணிப்பு வெளியானதும் பொருத்தமானதைச் சேர்த்தார்கள். கிளாவுஸ் என்னும் சிறுவனாக ஏழு வயதில் நடிக்க வந்த மோரிட்ஸ் சாக்ஸ், தொடர் முடிந்தபோது நாற்பதைக் கடந்திருந்தார். முதுமையை ஒப்பனையால் காட்ட வேண்டிய தேவையே எழவில்லை!

இப்படி வாரந்தோறும் பழகிய முகங்களைக் கொண்டே, வீடுகளில் பேசத் தயங்கிய செய்திகளை அவர் பேசினார். எய்ட்ஸ் நோய் குறித்து அச்சமும் வதந்தியும் பரவியிருந்த 1988இல், தொடரின் பாத்திரமான பென்னோ அந்நோயால் இறந்தார். 1990இல் இரு ஆண்கள் முத்தமிடும் காட்சி கடும் எதிர்ப்பைக் கிளப்பியது. நடிகர் கேயோர்க் ஊக்கருக்குக் கொலை மிரட்டல்கூட வந்தது. சில வேளைகளில் கதை பாடம் நடத்துவது போல் ஆகிவிட்டது என்ற குறையையும் மறுப்பதற்கில்லை. ஆனால் ஹெல்கா பைமரின் சமையலறை மேசையில் எழுந்த வாக்குவாதம் பார்வையாளர் வீட்டு மேசைக்கும் வந்து சேர்ந்தது. மேடைச் சொற்பொழிவால் இது எளிதில் ஆகிற காரியமா?

தொடக்க ஆண்டுகளில் ஒரு கோடிக்கும் மேலிருந்த பார்வையாளர் எண்ணிக்கை பின்னாளில் இருபது இலட்சமளவுக்கு இறங்கியது. 2015 முதல் மகள் ஹானாவும் தயாரிப்பில் தந்தையோடு இணைந்தார். 2018 நவம்பரில் தொடரை நிறுத்தும் முடிவு வெளியானபோது, இரசிகர்கள் கொலோன் தெருக்களில் இறங்கி எதிர்ப்புத் தெரிவித்தனர். முடிவு மாறவில்லை. 2020 மார்ச் 29ஆம் நாள் 1758ஆம் பகுதி ஒளியேறியது. முதற்பகுதியில் ஹெல்காவாக வந்த மரி-லூயிஸ் மார்யானே அதிலும் ஹெல்காவாக இருந்தார்.