விளம்பரச் சிறுமி முதல் வெள்ளித்திரை வரை

முன்னுரை



சோப்புக் கட்டியின் உறையிலும், பால்மாவு டப்பாவின் மேலும் சிரிக்கும் குழந்தைகளை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். "கொடுத்து வைத்த குழந்தை! வீட்டுப்பாடம் இல்லை, பரீட்சை இல்லை, சிரித்தால் போதும், பணம் வருகிறது" என்று நானும் பல முறை எண்ணியதுண்டு. அவ்வெண்ணம் எவ்வளவு பிழையானது என்பதை ஓர் அமெரிக்க நடிகையின் வரலாற்றைப் படித்தபோதுதான் உணர்ந்தேன்.

அவர் பெயர் ஜோடி ஃபாஸ்டர். நம் மொழியில் 'ஜோடி' என்றால் இரண்டு என்று பொருள். ஆனால் இவர் ஒருவரே! பெற்றோர் இட்ட பெயர் அலிசியா கிறிஸ்டியன் ஃபாஸ்டர். மூன்று வயதில் விளம்பரத்தில் தோன்றிய சிறுமி எவ்வாறு சிறந்த நடிகையாக உயர்ந்தார், அவ்வழியில் அவரைக் காத்தவை எவை என்பதைச் சுருக்கமாக எழுத விழைகிறேன்.

முதல் படி

ஜோடி 1962ஆம் ஆண்டு நவம்பர் 19ஆம் நாள் லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் பிறந்தார். நான்கு பிள்ளைகளில் இவரே கடைக்குட்டி. இவர் பிறக்கும் முன்னரே தந்தை குடும்பத்தை விட்டுப் பிரிந்துவிட்டார். தாயார் ஈவ்லின் தனி ஒருவராக நின்று நான்கு குழந்தைகளையும் வளர்த்தார்.

1965ஆம் ஆண்டில் 'காப்பர்டோன்' என்னும் வெயில் காப்புக் களிம்பு நிறுவனத்தார் தங்கள் தொலைக்காட்சி விளம்பரத்திற்குக் குழந்தைகளைத் தேடினர். ஈவ்லின் தம் மகனை அங்கு அழைத்துச் சென்றார். உடன் சென்ற தங்கைதான் ஜோடி. தேர்வு செய்ய வந்தவர்களின் கண்ணில் அண்ணனைவிடத் தங்கையே பட்டாள். இவ்வாறு யாரும் எதிர்பாராத விதமாக மூன்று வயதுக் குழந்தை தொழிலுக்கு வந்தாள்.

விளம்பரத்தில் தோன்றும் குழந்தைகள் எல்லோரும் நடிகராவதில்லை. முகம் அழகாயிருந்தால் நிழற்படத்திற்குப் போதும். நடிப்பதற்கோ சொன்னதைப் புரிந்துகொள்ள வேண்டும். வசனத்தை மனப்பாடம் செய்ய வேண்டும். ஒரே காட்சியைப் பத்து முறை சலிப்பின்றிச் செய்ய வேண்டும். சிறு வயதிலேயே எழுத்துக்கூட்டிப் படிக்கக் கற்ற ஜோடிக்கு இவை கைவந்தன. பல விளம்பரங்களுக்குப் பின், 1968இல் அண்ணன் நடித்துவந்த 'மேபெரி ஆர்.எஃப்.டி.' என்னும் தொலைக்காட்சித் தொடரில் சிறு வேடம் கிடைத்தது. 1972இல் வெளிவந்த டிஸ்னி நிறுவனத்தின் 'நெப்போலியன் அண்ட் சமந்தா' என்னும் படத்தில் முக்கிய வேடமே கிடைத்தது.

அந்தப் படப்பிடிப்பில் நடந்ததைக் கேளுங்கள். கதையில் ஒரு சிங்கம் உண்டு. பழக்கப்பட்ட சிங்கந்தான். ஆயினும் ஒரு நாள் அது சிறுமி ஜோடியை வாயால் கவ்வித் தூக்கிவிட்டது! பற்கள் பதிந்த தழும்புகள் அவர் உடலில் நிலைத்துவிட்டன. உடல் தேறியபின் அவர் திரும்பி வந்து படத்தை முடித்துக் கொடுத்தார். திரையில் பார்ப்பவர்களுக்குச் சிங்கமும் சிறுமியும் விளையாடுவதுதான் தெரியும், தழும்பு தெரியாது. குழந்தை நடிகர்களின் வாழ்வு முழுவதற்கும் இது ஓர் எடுத்துக்காட்டு என்று எனக்குத் தோன்றுகிறது.

அப்படியானால் இக்குழந்தைகளைக் காப்பவர் யார்? இதற்கு விடை காண, ஜோடி பிறப்பதற்கு நாற்பது ஆண்டுகள் முன்னே செல்ல வேண்டும்.

ஜாக்கி கூகனின் கதை

1921ஆம் ஆண்டில் சார்லி சாப்ளின் 'தி கிட்' என்னும் ஊமைப் படத்தை வெளியிட்டார். அதில் கந்தல் உடையும் பெரிய தொப்பியுமாக வரும் சிறுவன் ஜாக்கி கூகன், ஒரே படத்தில் உலகம் அறிந்த குழந்தையானான். அவன் முகத்தைப் போட்டுப் பொம்மைகளும் தின்பண்டங்களும் விற்கப்பட்டன. 1924இல், போரினால் அநாதைகளான மத்திய கிழக்கு நாடுகளின் குழந்தைகளுக்காக அவன் ஊர் ஊராகச் சென்று உணவும் உடையும் திரட்டித் தந்தான். அப்பயணத்தில் உரோமை நகரில் பாப்பரசர் பதினோராம் பத்திநாதரையும் சந்தித்தான். பத்து வயதுகூட நிரம்பாத சிறுவன் பிறருக்குக் கொடுத்த கொடை இது!

ஆனால் அவனுக்குக் கிடைத்தது என்ன? 1935இல் தந்தை கார் விபத்தில் இறந்தார். அதே ஆண்டு ஜாக்கிக்கு 21 வயது நிறைந்தது. தான் சம்பாதித்த பணத்தைக் கேட்டபோது, தாயும் மாற்றாந்தந்தையும் தர மறுத்தனர். அவன் ஈட்டியது முப்பது இலட்சம் டாலருக்குக் குறையாது என்று மதிப்பிடப்பட்டது. அதில் பெரும்பகுதி ஆடம்பரத்தில் கரைந்துவிட்டிருந்தது. 1938இல் அவர் பெற்ற தாயின் மீதே வழக்குத் தொடர வேண்டியதாயிற்று. வயது வராத பிள்ளையின் சம்பாத்தியம் பெற்றோருக்கே உரியது என்பதுதான் அன்றைய சட்டம். முடிவில் அவர் கைக்கு வந்தது சுமார் 1,26,000 டாலர் மட்டுமே.

தாயைக் குறை கூற எனக்கு மனம் வரவில்லை. ஆயினும், 'பிள்ளையின் நன்மைக்குத்தான்' என்று சொல்லிக்கொண்டே பிள்ளைக்கு உரியதைப் பெரியவர்கள் செலவழிக்க முடியும் என்பதை இவ்வழக்கு உலகுக்குக் காட்டியது.

சட்டம் போட்ட வேலி

மக்கள் கொதித்தெழுந்தனர். 1939இல் கலிபோர்னியா மாநிலம் 'கூகன் சட்டம்' என்று அழைக்கப்படும் சட்டத்தை இயற்றியது. அதில் ஓட்டைகள் பல இருந்தன. நீதிமன்றத்தின் ஒப்புதல் பெற்ற ஒப்பந்தங்களுக்கு மட்டுமே அது பாதுகாப்பளித்தது. பின்னர் சட்டம் திருத்தப்பட்டு, 2000ஆம் ஆண்டு முதல், குழந்தையின் சம்பாத்தியம் குழந்தைக்கே சொந்தம் என்று ஆயிற்று. அதில் நூற்றுக்கு 15 பங்கு, வயது வரும்வரை எவரும் தொடமுடியாத தனிக் கணக்கில் சேர்க்கப்பட வேண்டும்.

பணத்தோடு நேரத்திற்கும் வேலி உண்டு. கலிபோர்னியாவில் ஆறு மாதத்திற்கு உட்பட்ட கைக்குழந்தையிடம் ஒரு நாளில் 20 நிமிடங்களுக்கு மேல் வேலை வாங்கக் கூடாது. அதனால்தான் ஒரே குழந்தை வேடத்திற்கு இரட்டைக் குழந்தைகளை மாற்றி மாற்றி நடிக்க வைப்பது வழக்கமாயிற்று. 1987இல் தொடங்கிய 'ஃபுல் ஹவுஸ்' தொடரில் ஒரே குழந்தையாக நடித்தவர்கள் மேரி கேட், ஆஷ்லி ஓல்சன் என்னும் இரட்டைச் சகோதரிகளே.

நம் வயதுப் பிள்ளைகள், அதாவது 9 முதல் 16 வயதிற்கு உட்பட்டவர்கள், பள்ளி நாள்களில் படப்பிடிப்பு இடத்தில் 9 மணி நேரம் இருக்கலாம். அதில் 5 மணி வேலை, 3 மணி பாடம், 1 மணி ஓய்வு. பாடம் சொல்லித்தர ஆசிரியர் அங்கேயே இருக்க வேண்டும். பிள்ளையின் உடல்நலத்திற்கு ஊறு விளையும் என்று கண்டால், வேலையை நிறுத்தும் அதிகாரமும் அந்த ஆசிரியருக்கு உண்டு. எவ்வளவு பெரிய இயக்குநரானாலும் பணிந்தே ஆக வேண்டும்!

என்னை மிகவும் வியக்க வைத்தது மற்றொன்று. பள்ளிப் பருவத்துப் பிள்ளைகள் நடிப்பதற்கு அரசின் அனுமதிச் சீட்டுத் தேவை. ஆறு மாதத்திற்கு ஒரு முறை அதைப் புதுப்பிக்க வேண்டும். வருகையும் மதிப்பெண்ணும் திருப்தியாக உள்ளன என்று பள்ளியில் கையெழுத்திட்டால்தான் அச்சீட்டுக் கிடைக்கும். ஆம், தோழியரே! ஹாலிவுட்டின் கதவைத் திறக்கும் சாவியும் தலைமை ஆசிரியையின் பேனாவில்தான் இருக்கிறது!

படிப்பை விடாத பெண்

இனி ஜோடியிடம் திரும்புவோம். தாயார் அவரை லாஸ் ஏஞ்சலிஸ் நகரிலிருந்த பிரெஞ்சுப் பள்ளியில் சேர்த்தார். படப்பிடிப்பு ஒருபுறம், பிரெஞ்சு இலக்கணம் ஒருபுறம் என நாள்கள் சென்றன. பின்னாளில் தம் படங்களின் பிரெஞ்சுப் பதிப்புகளில் தாமே குரல் கொடுக்கும் அளவிற்கு அம்மொழி அவருக்குச் சொந்தமாயிற்று.

1976இல் அவர் நடித்த பல படங்கள் வெளிவந்தன. தாயும் மகளும் ஒரு நாள் மட்டும் உடல் மாறிவிடும் 'ஃப்ரீக்கி ஃப்ரைடே' என்ற நகைச்சுவைப் படம் அவற்றுள் ஒன்று. 'டாக்ஸி டிரைவர்' மற்றொன்று. அது சிறுவர் பார்க்கத்தக்க படமன்று. அதில் அவர் ஏற்றது வாழ்வு சீரழிந்த ஓர் ஏழைச் சிறுமியின் வேடம். அப்போது அவருக்கு வயது 12. அவ்வேடம் அவர் மனத்தைப் பாதிக்காது என்று மனநல வல்லுநர் சோதித்துச் சான்றளித்த பின்னரே அனுமதி கிடைத்தது. சிறுமி செய்யத் தகாத காட்சிகளுக்கு அவருடைய தமக்கை மாற்றாக நின்றார். அவ்வளவு காவல் இருந்தும், அத்தகைய வேடத்தை ஒரு குழந்தைக்குக் கொடுக்கத்தான் வேண்டுமா என்று நம் ஆசிரியைகள் கேட்கலாம். அக்கேள்வி நியாயமானதே. சட்டம் அனுமதிப்பதெல்லாம் நன்மையாகிவிடாது. இருப்பினும் அந்நடிப்பிற்காக அவர் பெயர் ஆஸ்கார் பரிசுக்குப் பரிந்துரைக்கப்பட்டது.

இவ்வளவு புகழ் வந்த பிறகு வேறு யாராயினும் புத்தகத்தை மூடி வைத்திருப்பர். ஜோடியோ 1980இல் பள்ளியின் முதல் மாணவியாகத் தேறி, விடைபெறும் உரையைப் பிரெஞ்சு மொழியில் ஆற்றினார். பின்னர் புகழ்பெற்ற யேல் பல்கலைக்கழகத்தில் இலக்கியம் பயிலச் சேர்ந்தார்.

வந்த சோதனை

அங்குதான் பெரும் சோதனை வந்தது. 'டாக்ஸி டிரைவர்' படத்தைப் பார்த்து மனம் பேதலித்த ஒருவன், அவருக்குக் கடிதங்கள் எழுதியும் தொலைபேசியில் அழைத்தும் தொல்லை கொடுத்தான். 1981 மார்ச் 30ஆம் நாள், ஜோடியின் கவனத்தைக் கவர்வதற்காக அமெரிக்க ஜனாதிபதி ரீகனைச் சுட்டான். ஜனாதிபதியும் வேறு மூவரும் காயமடைந்தனர். ஒரு குற்றமும் அறியாத 18 வயது மாணவியின் பெயர் உலகப் பத்திரிகைகளில் எல்லாம் வந்தது.

பணத்திற்கு வேலி போட்ட சட்டம், நேரத்திற்கு வேலி போட்ட சட்டம், இதற்கு வேலி போட இயலவில்லை. மூன்று வயது முதல் ஊரெல்லாம் பார்த்த முகத்தை மறைத்து வைப்பது எங்ஙனம்? ஆயினும் அவர் கல்லூரியை விட்டு ஓடவில்லை. விடுமுறைகளில் நடித்துக்கொண்டே படித்து, 1985இல் சிறப்புத் தகுதியுடன் பட்டம் பெற்றார். 1989இலும் 1992இலும் சிறந்த நடிகைக்கான ஆஸ்கார் பரிசை வென்றார். 1991இல் அவர் முதன்முதலாக இயக்கிய முழுநீளப் படமான 'லிட்டில் மேன் டேட்', எதைப் பற்றியது தெரியுமா? அபூர்வ அறிவு படைத்த ஒரு சிறுவனையும், அவனைக் குழந்தையாகவே வளர்க்கத் துடிக்கும் ஏழைத் தாயையும் பற்றியது.

இன்றைய நிலை

இன்று படக்கம்பெனிக்குப் போகாமலேயே குழந்தைகள் நடிகராகிவிடுகிறார்கள். பெற்றோரின் கைப்பேசியே படப்பிடிப்புக் கருவி. குழந்தை உண்பது, அழுவது, கோபிப்பது எல்லாம் படமாகி வருமானம் தருகின்றன. அமெரிக்காவில் இல்லினாய் மாநிலம் 2024 ஜூலை முதலும், கலிபோர்னியா 2025 ஜனவரி முதலும், இவ்வகைக் குழந்தைகளுக்கும் வருமானத்தில் பங்கை ஒதுக்கி வைக்க வேண்டும் என்று சட்டம் செய்துள்ளன. ஜாக்கி கூகன் 1984இல் மறைந்தார். அவர் விட்ட கண்ணீர் அவர் அறியாத குழந்தைகளையும் இன்று காத்து நிற்கிறது.

முடிவுரை

தாலந்துகளைப் பற்றிய உவமையை நாம் ஞானோபதேச வகுப்பில் படித்திருக்கிறோம். இறைவன் கொடுத்த தாலந்தைப் புதைத்து வைக்கலாகாது. ஆனால் ஒரு குழந்தையின் தாலந்து அந்தக் குழந்தையினுடையது. பெரியவர்கள் அதற்குக் காவலரேயன்றி உரிமையாளர் அல்லர். ஜாக்கி, ஜோடி இருவருக்கும் திறமை இருந்தது. ஜாக்கிக்கு இல்லாத காவல் ஜோடிக்குப் பெரும்பாலும் இருந்தது. அத்துடன், எவரும் பறித்துக்கொள்ள முடியாத கல்வியும் இருந்தது.

ஆகவே தோழியரே, அடுத்த முறை விளம்பரத்தில் சிரிக்கும் குழந்தையைக் காணும்போது பொறாமைப்படாதிருப்போம். "இன்று நீ மூன்று மணி நேரம் பாடம் படித்தாயா? உன் பணம் உன் பெயரில் இருக்கிறதா? 'எனக்குப் பிடிக்கவில்லை' என்று நீ சொன்னால் கேட்பார் உண்டா?" என்று மனத்திற்குள் கேட்டுப் பார்ப்போம். மூன்றிற்கும் 'ஆம்' என்று பதில் வருமானால், அந்தக் குழந்தை உண்மையிலேயே கொடுத்து வைத்தது.

— பத்தாம் வகுப்பு மாணவி