தீபாவளிக்கு மான்கறி வேண்டாம்: புக்கிட் காத்தில் வட்டாரத்துக்கு ஓர் ஐப்பசி ஆலோசனை

ஐப்பசி மழை தொடங்கிவிட்டது. தீபாவளிக்கு ஆட்டுக்கறி சொல்லிவைக்கும் இதே வாரங்களில்தான் ‘காட்டுக்கறி வருது, எத்தனை கிலோ வேணும்?’ என்ற பேச்சும் புலனக் குழுக்களில் கிளம்பும். மலாக்காவில் புக்கிட் காத்தில், ஆயர் குரோ, டுரியான் துங்கால் பக்கத்து வீடுகளுக்கும் ஜாசின், ஆசகான் பக்கத்துத் தோட்டங்களுக்கும் இந்த ஆலோசனை ஒரே ஒரு வேண்டுகோளை வைக்கிறது. வருவது மான்கறி என்றால் வாங்காதீர்கள், பங்குக்குச் சேராதீர்கள், யாராவது கொடுத்தனுப்பினாலும் ஐஸ் பெட்டியில் வைக்காதீர்கள். துப்பாக்கியைத் தூக்கிக்கொண்டு காட்டுக்குப் போகிறவர் ஊருக்கு இரண்டு பேர் இருந்தால் அதிகம். அவரைப் போகவைப்பது முன்பணம் கொடுத்துவிட்டு மசாலா அரைத்து வைத்திருக்கும் வீடுகள். அதனால் வேட்டை விதி துப்பாக்கிக்காரருக்கு எழுதியது, நமக்கென்ன என்று ஒதுங்கிவிட முடியாது. அந்த விதி நம் அடுப்படி வரைக்கும் வருகிறது.

சட்டத்திலிருந்தே தொடங்குவோம். தீபகற்ப மலேசியா முழுமைக்கும் 2010ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம்தான் பொருந்தும். மலாக்காவுக்கென்று தனி மான் விதி கிடையாது. சபாவுக்கும் சரவாக்குக்கும் வேறு சட்டங்கள் உண்டு, ஆகவே அங்கிருந்து வரும் வேட்டைக் காணொளியைக் காட்டி ‘அவர்கள் செய்கிறார்களே’ என்பது செல்லாது. ரூசா என்கிற கடமான், கீஜாங் என்கிற கேளையாடு, பெலாண்டோக் என்கிற சருகுமான் எல்லாமே பாதுகாக்கப்பட்டவை. வனவிலங்கு, தேசியப் பூங்காத் துறையான பெர்ஹிலித்தான் எழுத்தில் உரிமம் தராமல் இவற்றைத் தொட முடியாது. கடமானுக்கும் கேளையாட்டுக்கும் 2009இல் ஆறாண்டு வேட்டைத் தடை வந்தது. 2015இல் அதை இன்னும் ஆறாண்டுக்கு நீட்டினார்கள். ‘தடைக்காலம் முடிந்துவிட்டது, திறந்துவிட்டார்கள்’ என்று யாராவது சொன்னால், துறையின் அலுவலகத்தில் கேட்காமல் நம்பாதீர்கள். பலரும் கவனிக்காத இடம் ஒன்று இதில் உண்டு. சுடுவதற்கு மட்டுமல்ல, உரிமமில்லாமல் அந்த விலங்கையோ அதன் உடற்பாகத்தையோ வைத்திருப்பதற்கும் இந்தச் சட்டம் தண்டனை தருகிறது. 2010இல் எழுதியபோதே அது 50,000 வெள்ளி வரை அபராதம், அல்லது 2 ஆண்டு வரை சிறை, அல்லது இரண்டும். 2022இல் சட்டத்தைத் திருத்தி இன்னும் கடுமையாக்கினார்கள். மிக மோசமான வனவிலங்குக் குற்றங்களுக்கு இன்று உச்ச அபராதம் 10 லட்சம் வெள்ளி, உச்சச் சிறை 15 ஆண்டு. பெண் விலங்கையோ குட்டியையோ கொன்றால் தண்டனை தனியாக ஏறும். ஐஸ் பெட்டியில் பிளாஸ்டிக் பையில் கிடக்கும் இரண்டு கிலோ கறி ஆணுடையதா பெண்ணுடையதா என்று வாங்கியவருக்குத் தெரியவே தெரியாது.

துப்பாக்கிக்கு வருவோம். ‘தோட்டாப் போடுற செனாப்பாங் இருந்தாத்தானே லைசென்ஸ்? இது பழைய மருந்துத் துப்பாக்கி, கைவேலை, கணக்கில் வராது’ என்ற நம்பிக்கை இன்னும் சிலரிடம் இருக்கிறது. குழலின் வாயில் கரிமருந்தைக் கொட்டி, தேங்காய் நாரையோ கந்தலையோ திணித்து, ஈயக் குண்டைப் போட்டு, மேலே இன்னொரு அடைப்பு வைத்து, நீளக் கம்பியால் இடித்து இறுக்குவார்கள். அடியில் ஒரு சிறு தொப்பி. சுத்தி அதில் விழுந்தால் பொறி உள்ளே இறங்கி மருந்தைப் பற்றவைக்கும். இலங்கைத் தமிழர் இதை இடியன் துவக்கு என்பார்கள், தமிழ்நாட்டு மலைக் கிராமங்களில் நாட்டுத் துப்பாக்கி. மலாக்காவுக்கும் இது அந்நியமல்ல. 1511இல் போர்த்துகீசியர் இந்த நகரைப் பிடித்த காலத்துத் துப்பாக்கிகளும் வாய்வழி மருந்திட்டவைதான், இஸ்திங்கார் என்ற மலாய்ச் சொல்லே போர்த்துகீசியத்திலிருந்து வந்தது. ஆனால் பழமை விலக்கு ஆகாது. 1960ஆம் ஆண்டு ஆயுதச் சட்டம், குண்டையோ வேறு எறிபொருளையோ வெளியேற்றி உயிரைப் பறிக்கக்கூடிய எந்தக் குழலையும் ஆயுதம் என்றே கொள்கிறது. தோட்டா பின்னால் போகிறதா, மருந்து முன்னால் போகிறதா என்று அது பிரித்துப் பார்ப்பதில்லை. உரிமமில்லாமல் வைத்திருந்தால் 7 ஆண்டு வரை சிறை அல்லது 10,000 வெள்ளி வரை அபராதம், அல்லது இரண்டும். 1971ஆம் ஆண்டின் கூடுதல் தண்டனைச் சட்டத்தின் கீழ் வழக்குப் போட்டால் 14 ஆண்டு வரை சிறையும் குறைந்தது ஆறு பிரம்படியும். உரிமமும் ஆளுக்குத்தான். அண்ணன் பெயரில் இருப்பதைத் தம்பி எடுத்துக்கொண்டு போக முடியாது.

சட்டத்தை விடுங்கள், அந்தக் குழல் நம் கையையே எடுத்துவிடும். தண்ணீர்க் குழாயை வெட்டிச் செய்த குழல் மருந்தின் அழுத்தத்தைத் தாங்குவதற்கு எந்த உத்தரவாதமும் இல்லை. மருந்தின் அளவு கைக்கணக்கு, ஒரு சிட்டிகை கூடினால் குழல் முகத்துக்கு நேரே வெடிக்கும். தீபாவளி நாளில் இந்த எச்சரிக்கை பிள்ளைகளுக்கும் சேர்த்துத்தான். பட்டாசைப் பிரித்து மருந்தைச் சேர்த்து இரும்புக் குழாயில் கெட்டிக்கும் விளையாட்டும் இதே வேலைதான், விரல் போவதும் இதே வழியில்தான். பெற்றோர் இப்போதே கொல்லைப்புறத்தையும் சாமான் கொட்டகையையும் ஒருமுறை பார்த்துவிடுங்கள். பாட்டனார் காலத்துத் துப்பாக்கி ஏதாவது பரணில் கிடந்தால் அதைத் துடைக்கவோ சோதித்துப் பார்க்கவோ வேண்டாம், தூக்கிக்கொண்டு தெருவில் நடக்கவும் வேண்டாம். முதலில் போலீஸ் நிலையத்துக்குத் தகவல் சொல்லி, அவர்கள் சொல்கிறபடி செய்யுங்கள். இதே வகைக் குழலை வைத்து இலங்கையில் கட்டுத்துவக்கு என்று ஒன்று கட்டுவார்கள். மான் போகும் தடத்தில் ஆளில்லாமல் கட்டி வைத்துவிட்டு வந்துவிடுவார்கள், குறுக்கே கட்டிய நூலைத் தட்டினால் வெடிக்கும். யானையும் சிறுத்தையும் அதில் அடிபட்டிருக்கின்றன, விறகுக்குப் போன மனிதரும் அடிபட்டிருக்கிறார்கள். நூலைத் தட்டிய கால் யாருடையது என்று அந்தக் குழலுக்குத் தெரியாது.

விவரம் தெரிந்தவர்கள் இங்கே ஒரு நியாயமான கேள்வி கேட்பார்கள். ஐக்கிய அமெரிக்காவில் பல மாநிலங்கள் இந்த மருந்துத் துப்பாக்கிக்கென்றே தனி மான் வேட்டைக்காலம் வைத்திருக்கின்றனவே? பென்சில்வேனியாவில் 1974இலிருந்து கிறிஸ்துமசுக்குப் பிறகு, கல் உரசிப் பொறி தரும் பழைய வகைத் துப்பாக்கிக்கு மட்டும் ஒரு பருவம் விடுகிறார்களே? மெதுவாகச் சுடும் துப்பாக்கி மானுக்குத் தப்பிக்க வழி விடுகிறது, ஒரு வெடிக்குப் பிறகு மறுபடி கெட்டிக்க நேரமாகும், இதை இங்கும் அனுமதித்தால் என்ன? கேள்வி சரிதான். ஆனால் அந்த அனுமதிக்குப் பின்னால் இருக்கும் கதையையும் சேர்த்துப் படிக்க வேண்டும். அங்கே வெள்ளைவால் மான் 1900 வாக்கில் சுமார் 5 லட்சம் அளவுக்குச் சுருங்கிப் போயிருந்தது. காட்டு இறைச்சி சந்தைக்குப் போனதுதான் அதற்குப் பெரிய காரணம். 1900இல் கொண்டுவந்த லேசி சட்டம், களவாகக் கொன்ற விலங்கை மாநிலம் விட்டு மாநிலம் விற்பதைத் தடுத்தது. மாநிலங்களும் காட்டு மான்கறி விற்பனையை மூடின. இன்று அந்த மான் சுமார் 3 கோடி. இன்றும் அங்கே வேட்டையாடியவர் வீட்டில் சமைக்கலாம், உறவினருக்குக் கொடுக்கலாம், கடையில் வைத்து விற்க முடியாது. எந்தத் துப்பாக்கி என்ற விதி பிறகு வந்தது. மானைத் திரும்பக் கொண்டுவந்தது, கறிக்கு விலை இல்லாமல் செய்த விதி. அமெரிக்காவைக் காட்டி வாதாடுகிறவர்கள் அந்த முதல் பாதியையும் எடுத்துக்கொள்ள வேண்டும்.

இன்னொரு வேறுபாடு இயற்கையே வைத்தது. வெள்ளைவால் மான் ஆறரை மாதம் சுமந்து பெரும்பாலும் இரட்டைக் குட்டி போடும். நம் கடமான் சுமார் எட்டு மாதம் சுமந்து ஒரே ஒரு குட்டி போடும். கேளையாடும் ஒன்றுதான். அங்கே ஓர் ஊர் தாங்கும் வேட்டையை இங்கே ஒரு காடு தாங்காது. கடமானைப் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் 2008இலிருந்தே அழிவாய்ப்புள்ள இனமாக வைத்திருக்கிறது. அதற்கு மேலே புலி இருக்கிறது. 2016 முதல் 2020 வரை நடத்திய முதல் தேசியப் புலிக் கணக்கெடுப்பு, தீபகற்பக் காட்டில் மிஞ்சியவை 150க்கும் குறைவு என்று சொன்னது. புலியின் முக்கிய இரை இந்தக் கடமான். நம் தட்டுக்கு வரும் கறி எந்தக் காட்டிலிருந்து வந்தது என்று விற்பவர் சொல்லமாட்டார். அது பகாங் புலியின் பங்காகவும் இருக்கலாம்.

‘காட்டை அழித்தது தோட்டக் கம்பெனிகள், மானைத் தின்றதாக எங்களைப் பிடிக்கிறீர்களா?’ இந்தக் கேள்விதான் எனக்கு மற்ற எல்லாவற்றையும்விடக் கனமாகத் தெரிகிறது, இதைத் தட்டிக் கழிக்க எனக்கு மனமில்லை. 1896இல் டான் சாய் யான் என்பவர் புக்கிட் லிந்தாங்கில் பால்மரம் நட்ட நாளிலிருந்து மலாக்காவின் காடு தோட்டமாகிக்கொண்டே வந்தது. பால்மரத்துக்குப் பின் செம்பனை, செம்பனைக்குப் பின் வீடமைப்பு. காட்டை வெட்டச் சொன்னவர்கள் வேறு, வெட்டிய கைகளில் நம் முன்னோர் கைகளும் இருந்தன, அதற்கு அவர்கள் வாங்கிய கூலி எவ்வளவு அற்பம் என்பதும் நமக்குத் தெரியும். குற்றம் பெரியவர்களுடையது என்பதை முழுதாக ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்த வாதம் எந்தப் பக்கம் இழுக்கிறது என்று பாருங்கள். காடு பரந்து கிடந்த காலத்தில் ஒரு மான் போனால் பக்கத்துக் காட்டிலிருந்து இன்னொன்று வரும். இப்போது லேடாங் மலை அடிவாரத்திலும் பத்தாங் மலாக்கா பக்கமும் மிஞ்சியிருப்பவை துண்டுக் காடுகள். சாலையும் தோட்டமும் சூழ்ந்த ஒரு துண்டில் ஒரு பெண்மானை எடுத்தால் அந்த இடம் காலியாகவே கிடக்கும். காட்டைக் குறைத்தவர்களின் பாவத்தைச் சொல்லி மிஞ்சியதையும் முடித்துவிட்டால், இழப்பு நம் பிள்ளைகளுக்குத்தான்.

பூர்வகுடிகளான ஓராங் அஸ்லி மக்களுக்கு மட்டும் ஏன் விலக்கு என்பது அடுத்த முறைப்பாடு. விலக்கு உண்மைதான். காட்டுப்பன்றி, கடமான், சருகுமான் உள்ளிட்ட பத்து இனங்களைத் தங்கள் குடும்பத்தின் சாப்பாட்டுக்காக வேட்டையாட 2010 சட்டம் அவர்களை அனுமதிக்கிறது. ஆனால் விற்கவோ பண்டமாற்றுச் செய்யவோ அனுமதி இல்லை. அலோர் காஜா, ஜாசின் பக்கத்துத் தெமுவான் ஓராங் அஸ்லிக் குடும்பம் ஒன்றிடம் நூறு வெள்ளியை நீட்டி மான்தொடை கேட்கிறவர், அவர்களுக்குச் சட்டம் கொடுத்த உரிமையையே குற்றமாக மாற்றிவிடுகிறார். அப்படிக் கேட்பது அநியாயம்.

காட்டுப்பன்றி உரிமம் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. உங்கள் உரிமத்தில் எழுதியிருக்கும் விலங்குக்கு மட்டும்தான் அது உரிமம். இருட்டில் டார்ச் வெளிச்சத்தில் மின்னும் இரண்டு கண்ணை வைத்துச் சுடாதீர்கள். பன்றி என்று நினைத்துக் கூட வந்த நண்பரையே சுட்ட செய்திகள் இந்த நாட்டில் திரும்பத் திரும்ப வருகின்றன. வனத்துறைக் காட்டுக்குள் நுழைய மாநில வனத்துறையின் அனுமதி தனியாக வேண்டும். மரவள்ளியையோ காய்கறிப் பாத்தியையோ மான் மேய்ந்துவிட்டால், வேலி போடுங்கள், சத்தம் போட்டு விரட்டுங்கள், சேதத்தைப் படமெடுத்துப் பெர்ஹிலித்தானிடம் சொல்லுங்கள். சுருக்குக் கம்பி வைக்கவே கூடாது, அது தனிக் குற்றம், அதில் மாட்டியது நாலைந்து நாள் கால் அறுந்து கிடந்து சாகும்.

மான்கறியே சாப்பிட வேண்டும் என்று ஆசைப்படுகிறவருக்கு நேர்வழி இருக்கிறது. பண்ணையில் வளர்த்த மான் உண்டு, நியூசிலாந்திலிருந்து இறக்குமதியாகும் கறியும் உண்டு. விற்பவரிடம் உரிமத்தைக் காட்டச் சொல்லுங்கள், ரசீது கேளுங்கள். ‘பண்ணை மான்தான் அண்ணே’ என்று சொல்லிவிட்டு ரசீது தரத் தயங்கினால் அங்கேயே விட்டுவிடுங்கள். காட்டில் சுட்ட கறியை எந்தக் கால்நடை அதிகாரியும் பார்த்ததில்லை. ஈயக் குண்டு எலும்பில் பட்டுச் சிதறினால் கண்ணுக்குத் தெரியாத துகள்கள் சதைக்குள் பரவும், கழுவினாலும் வேகவைத்தாலும் போகாது. குழந்தைகளின் மூளைக்கும் கர்ப்பிணிகளுக்கும் ஈயத்தில் பாதுகாப்பான அளவு என்று எதுவும் இல்லை என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் நிலைப்பாடு.

மலாக்கா மாநிலச் சின்னத்தைப் பாருங்கள். ஒரு நெல்லி மரம், அதன் இரு பக்கமும் இரண்டு சருகுமான். வேட்டைக்கு வந்த பரமேசுவரா, தன் நாயைச் சருகுமான் உதைத்துத் தள்ளியதைக் கண்டு, தான் சாய்ந்திருந்த மரத்தின் பெயரையே இந்த இடத்துக்கு வைத்தார் என்பது ஊர்க்கதை. மலாக்கா மரம் என்று மலாயில் சொல்வது நம் நெல்லிதான். சட்டம் காக்கும் சருகுமான் நம் மாநிலச் சின்னத்திலேயே நிற்கிறது.

இந்த வாரம் புலனக் குழுவில் மான்கறி விலை வந்தால் அந்தச் செய்தியை அழிக்காமல் வைத்துக்கொண்டு பெர்ஹிலித்தானின் கட்டணமில்லாத எண்ணான 1-800-88-5151க்குச் சொல்லுங்கள். வீட்டில் ஏற்கெனவே முன்பணம் கொடுத்திருந்தால், கறி வருவதற்கு முன்பே வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். பணம் திரும்பி வராமல் போனாலும் பரவாயில்லை.