எடை தூக்கினால் பந்தின் வேகம் போய்விடுமா?

விழுப்புரத்திலிருந்து திண்டிவனம்வரை எந்த ஊர் மைதானத்தில் போய் நின்றாலும், வேகப்பந்து போடும் பையன்களுக்கு யாராவது ஒருவர் இந்தப் புத்திமதியைச் சொல்லிக்கொண்டிருக்கிறார்: "வெயிட் தூக்காத தம்பி, உடம்பு இறுகிப்போயிடும், பந்துல வேகம் இருக்காது." முண்டியம்பாக்கத்திலும் போன வாரம் கேட்டேன். சொன்னவர் உடற்கல்வி படித்தவர். அதனால்தான் ஆத்திரம் வருகிறது.

அவர் தடுத்து வைத்திருக்கும் பையன் பந்து போடுவதைப் பார்த்தேன். நல்ல ஓட்டம். முன்கால் ஊன்றியதும் முழங்கால் சளுக்கென்று மடங்குகிறது, இடுப்பு சரிகிறது, பந்து லெக் சைடில் தொய்ந்து போகிறது. வேகப்பந்து வீச்சாளர் முன்காலை ஊன்றும்போது தரை எதிர்த்துத் தள்ளும் விசை அவருடைய எடையைப்போல் ஐந்து மடங்கைத் தாண்டும். 60 கிலோ பையன் என்றால் 300 கிலோவுக்கு மேல். அந்தக் கால் நின்று தாங்கினால்தான் ஓடிவந்த வேகம் இடுப்பு, தோள் வழியாகப் பந்துக்கு ஏறும். அந்த வலுவைத் தருவது ஸ்குவாட், டெட்லிஃப்ட் போன்றவை. மைதானத்தை 20 ரவுண்டு சுற்றுவது தராது. உடம்பு இறுகும் என்பதும் பொய். முழுசாக உட்கார்ந்து முழுசாக எழுந்தால் மூட்டு நன்றாகவே வளைந்து கொடுக்கும். காலை மறந்துவிட்டு நெஞ்சையும் கையையும் மட்டும் ஏற்றுகிறவர்களுக்குத் தோள் பிடித்துக்கொள்வது உண்டு. அது தப்பான பயிற்சி, எடையின் குற்றமில்லை.

அமெரிக்க பேஸ்பாலையும் இதே புரளி பல தலைமுறை ஆட்டிவைத்தது. 1978-ல் ஹூஸ்டன் ஆஸ்ட்ரோஸ் அணி ஜீன் கோல்மேனை வலுப்பயிற்சியாளராக வைத்துக்கொண்டது. இன்று அந்த வேலைக்கு ஆளில்லாத மேஜர் லீக் அணியே கிடையாது. நம்மிடம் மட்டும் ஆளில்லையா? 2011 உலகக் கோப்பையை வென்ற இந்திய அணியின் உடற்திறனைப் பார்த்துக்கொண்டவர் சென்னை ராம்ஜி சீனிவாசன். 2015-லிருந்து 2019 உலகக் கோப்பைவரை அந்த இடத்தில் இருந்த சங்கர் பாசுவும் சென்னைக்காரர்தான். விராட் கோலியை ஸ்நாட்ச், கிளீன் என்று ஒலிம்பிக் பளுதூக்கலுக்குக் கொண்டுவந்தவர் அவர். அதற்குப் பிறகு கோலி விக்கெட்டுகளுக்கு நடுவே மெதுவாகவா ஓடினார்?

வளர்த்தி நின்றுவிடும் என்பது இன்னொரு கதை. தெரிந்தவர் பக்கத்தில் நின்று முறையாகச் சொல்லிக்கொடுத்தால் நிற்காது. அமெரிக்கக் குழந்தை மருத்துவர்கள் அமைப்பே இதை எழுதி வைத்திருக்கிறது. பெரிய உடம்பு இருந்தால் வலுப்பயிற்சியாளர் வேலை கிடைத்துவிடும் என்று நம்பி ஜிம்மிலேயே கிடக்கும் பிள்ளைகளும் இருக்கிறார்கள். கிடைக்காது. பல அணிகள் கேட்கும் சி.எஸ்.சி.எஸ். என்ற வலுப்பயிற்சிச் சான்றிதழுக்குக் கல்லூரிப் பட்டம் வேண்டும். வேலையில் பாதி நோட்டும் கையுமாகத்தான்: இந்த வாரம் யார் எத்தனை பந்து போட்டார், தொடைத்தசை பிடித்தவர் எப்போது முழு வேகத்தில் ஓடலாம் என்று பிசியோவோடு உட்கார்ந்து முடிவெடுக்க வேண்டும்.

படிக்க மேலக்கோட்டையூரில் விளையாட்டுப் பல்கலைக்கழகம் இருக்கிறது, 1920-ல் தொடங்கிய ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரி நந்தனத்தில் இருக்கிறது. ஆனால் பத்தாம் வகுப்பு வந்ததும் பி.டி. பீரியடைக் கணக்கு சாருக்குத் தூக்கிக் கொடுத்துவிட்டால் அங்கே போக ஆசை எங்கிருந்து வரும்? தலைமையாசிரியர்களே, அந்த பீரியடைத் திருப்பிக் கொடுங்கள். பள்ளிக்கு ஒரு பார்பெல்லும் நாலு தட்டும் வாங்குங்கள். முதல் சில வாரங்கள் வெறும் கம்பியோடு குனிந்து நிமிரக் கற்றுக்கொடுக்கச் சொல்லுங்கள். முதுகு வளைகிற பையனுக்கு ஒரு தட்டுகூட ஏற்ற விடாதீர்கள்.